டி. எஸ். பாலையாவின் நடிப்பை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

கேள்வி இது: “பாலையாவை ‘காதலிக்க நேரமில்லை’ துண்டுக் காட்சிகளில் மட்டும்தான் பார்த்திருக்கிறேன். அவர் வில்லனா, காமெடியனா, குணச்சித்திர நடிகரா? முப்பது வருடத்துக்கு மேல் எப்படி நிலைத்தார்? எந்தப் படங்களை, எப்படிப் பார்ப்பது?”

வில்லன், காமெடியன், குணச்சித்திரம் மூன்றுமே அவர்தான். ஆனால் மூன்றுக்கும் அவர் கையில் வைத்திருந்த சரக்கு ஒன்று. எதிரில் இருப்பவர் பேசுவதைக் கேட்பது. தமிழ் சினிமாவில் பேசத் தெரிந்த நடிகர்கள் ஏராளம். வசனமே நம்முடைய பெரிய சொத்தாக இருந்த காலம் அது. கேட்கத் தெரிந்தவர்கள் குறைவு. அந்தக் குறைந்த சிலரில் முதல் ஆள் பாலையா என்பது என் உறுதியான கருத்து. அவருடைய எந்தப் படத்தை எடுத்தாலும், அவர் பேசாத இடங்களைப் பாருங்கள். அங்கேதான் அவர் இருக்கிறார்.

முதலில் ஆளைப் பற்றிச் சுருக்கமாக. பிறந்தது 1914 ஆகஸ்ட் 23, அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துச் சுண்டங்கோட்டையில். இப்போது அது தூத்துக்குடி மாவட்டம். பெயரின் முதலெழுத்தான ‘டி’ திருநெல்வேலி, ‘எஸ்’ சுப்பிரமணியம். நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர். முதல் படம் ‘சதி லீலாவதி’ (1936). மறைந்தது 1972 ஜூலை 22-ல், 58 வயது நிறைவதற்கு ஒரு மாதம் முன்பு.

நாடக மேடை என்றால் இன்றைக்கு நாம் நினைக்கும் இரண்டு மணி நேர சபா நாடகம் அல்ல. இரவு சாப்பாட்டுக்குப் பிறகு தொடங்கி விடியும்வரை போகும் கொட்டகை நாடகம். ராஜபார்ட் (நாயகன்), ஸ்திரீபார்ட் (பெண் வேடம்), கள்ளபார்ட் (கள்வன் வேடம்), பபூன் (கோமாளி) என்று ஆட்களுக்கு வேலை பிரித்திருக்கும். ராஜபார்ட்டுக்குப் பாட்டு வேண்டும், அதுவும் மைக் இல்லாமல் கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரருக்கு எட்டும் பாட்டு. கம்பெனியில் சேரும் சிறுவனுக்குப் பதின்மூன்று, பதினான்கு வயதில் மகரக்கட்டு வந்து குரல் உடைந்தால் அவன் நிலைமை ஒரே இரவில் மாறிவிடும். நேற்றுவரை நாயகனாகப் பாடியவன் இன்றைக்கு மந்திரியாகவோ சேவகனாகவோ நிற்பான். அப்படி நிற்பவனுக்கு வசனம் நான்கு வரிதான். ஆனால் ராஜபார்ட் ஒரு பாட்டை ஒன்ஸ்மோர் கேட்டுக் கேட்டுப் பாடும் அரைமணி நேரமும் அவன் மேடையில்தான் இருக்க வேண்டும். அந்த அரைமணி நேரத்தில் உடம்பை என்ன செய்வது, கண்ணை எங்கே வைப்பது, பாட்டுக்குக் குறுக்கே போகாமல் எப்படி உயிரோடு நிற்பது என்று கற்றவர்கள்தான் பிற்காலத்தில் நல்ல குணச்சித்திர நடிகர்கள் ஆனார்கள். கற்காதவர்கள் மேடையில் மரம்போல நின்றார்கள், சினிமாவிலும் அப்படியே நின்றார்கள்.

மேடையில் கற்றதை அப்படியே கேமரா முன் கொண்டுபோனாலும் கெடும். 1930-களின் படங்களில் இது கண்கூடாகத் தெரியும். மூன்று விதமாகக் கெடும். குரல் முதலாவது: ஆயிரம் பேருக்குப் பேசிப் பழகியவர் தலைக்கு மேலே தொங்கும் மைக்குக்கும் அதே அளவில் கத்துவார், ஒலி உடைந்துவிடும். அடுத்தது திசை: மேடையில் எதிராளியிடம் பேசும்போதும் முகம் சபையைப் பார்க்க வேண்டும், அந்தப் பழக்கம் போகாமல் கேமராவைப் பார்த்துக்கொண்டே காதலியிடம் பேசுவார்கள். கைகள்தான் மூன்றாவது. ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு கை. குளோசப்பில் அந்தக் கை திரைச் சட்டத்துக்குள் நுழைந்து வெளியேறிக்கொண்டே இருக்கும். பாலையாவும் தொடக்கத்தில் இவற்றிலிருந்து முழுவதும் தப்பியவர் அல்ல. ஆனால் மற்றவர்களைவிடச் சீக்கிரம் வெளியே வந்தார்.

‘சதி லீலாவதி’ எஸ். எஸ். வாசனின் கதை. எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய முதல் படம். எம். ஜி. ஆர்., என். எஸ். கிருஷ்ணன், பாலையா, நாயகன் எம். கே. ராதா எல்லோருக்கும் இதுவே முதல் படம். நாயகனைக் குடிக்குப் பழக்கிக் கெடுக்கும் ராமநாதனாகப் பாலையா வருகிறார். நாயகன் ஊரை விட்டு இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குக் கூலியாகப் போகும் அளவுக்குக் கதை திரும்புவதற்கு இந்த ஆள்தான் காரணம். அடுத்த வருடமே அதே டங்கனின் ‘அம்பிகாபதி’ (1937). எம். கே. தியாகராஜ பாகவதர் நாயகன், செருகளத்தூர் சாமா கம்பர், வசனம் இளங்கோவன். நாயகி அமராவதி மீது கண்வைத்த தளபதி ருத்ரசேனன் வேடம் பாலையாவுக்கு. படம் பெரும் வெற்றி. அதன் பிறகு நாடு முழுக்க அவரை வில்லனாகத்தான் தெரியும்.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். டங்கனுக்குத் தமிழ் தெரியாது. வசனம் சரியா தவறா என்று அவர் பக்கத்திலிருப்பவரைக் கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். மொழி புரியாத இயக்குநர் எதைப் பார்ப்பார்? முகத்தையும் நடையையும்தான். இந்த இரண்டு படங்களிலும் அப்படிப்பட்டவரிடம் வேலை செய்தது பாலையாவுக்கு நல்லதாகவே அமைந்தது என்று நினைக்கிறேன். பாகவதரின் படத்தில் பாட்டுக்குத்தான் கூட்டம் வரும், அதில் சந்தேகமில்லை. பாட்டில்லாத ஒருவர் அங்கே நினைவில் நிற்க வேண்டுமானால் பார்வையாலும் நிற்கும் விதத்தாலும்தான் நிற்க முடியும்.

பின்னணிப் பாடல் முறை தமிழில் ஏ. வி. மெய்யப்பனின் ‘நந்தகுமார்’ (1938) படத்தில்தான் தொடங்கியது. அதுவரை நடிகரே கேமரா முன் பாட வேண்டும். அந்த முறை பரவிய பிறகும் பாடகர்-நாயகர்களின் மவுசு பல வருடம் குறையவில்லை. பாலையா போன்றவர்கள் நாயகனாக வருவது அதனாலேயே அரிது. வந்த படம் ஒன்று உண்டு: ஜுபிடர் பட நிறுவனத்தின் ‘மோகினி’ (1948). மாதுரி தேவிக்கு ஜோடி பாலையா, உடன் எம். ஜி. ஆரும் வி. என். ஜானகியும். இதைச் சொன்னால் பலர் நம்புவதில்லை. ஆனால் அந்த வழியில் அவர் தொடரவில்லை.

1949-ல் வந்த ‘வேலைக்காரி’தான் அவரை வில்லன் முத்திரையிலிருந்து அவிழ்த்தது. அண்ணாவின் கதை வசனம், ஏ. எஸ். ஏ. சாமி இயக்கம். தந்தையைத் தற்கொலைக்குத் தள்ளிய வேதாசல முதலியாரைக் கொல்லத் துடிக்கும் ஆனந்தனாகக் கே. ஆர். ராமசாமி, அவனைத் தடுத்து, பழிவாங்கக் கத்தி வேண்டாம், மூளை போதும் என்று வழிகாட்டும் நண்பன் மணியாகப் பாலையா. அடுக்கடுக்கான வசனத்துக்காகவே பேசப்பட்ட படம். நாயகன் கொந்தளிக்கும்போது பாலையா அதே சுருதியில் பதில் சொல்லியிருந்தால் இரண்டு பேர் கத்துவதாக முடிந்திருக்கும். அவர் சுருதியைக் கீழே இறக்கி, யோசித்துச் சொல்பவன்போலப் பேசுகிறார். அறிவாளி நண்பன் என்று நாம் நம்புவதற்கு வசனத்தைவிட அந்த இறக்கமே காரணம்.

1950-களில் அவருடைய வில்லத்தனத்தோடு சிரிப்பு கலந்துவிட்டது. ‘தூக்குத் தூக்கி’ (1954) பழைய நாடகக் கதை. கொலையும் செய்வாள் பத்தினி, உயிர் காப்பான் தோழன் முதலான ஐந்து பழமொழிகளை ஓர் இளவரசன் தன் வாழ்க்கையிலேயே சோதித்துப் பார்ப்பான். அதில் சிவாஜியின் மனைவியோடு கள்ள உறவு கொள்ளும் வடநாட்டுச் சேட்டாகப் பாலையா. சேட் தமிழ் பேசினால் ‘நம்பள், நிம்பள்’ என்று இரண்டு சொல்லைப் போட்டுச் சமாளிப்பது அன்றைய வழக்கம். அந்த இரண்டு சொல்லோடு நிறுத்தியிருந்தால் வெறும் கேலியாகப் போயிருக்கும். பாலையாவின் சேட்டுக்கு ஆசையும் இருக்கிறது, மாட்டிக்கொள்வோமோ என்ற பயமும் இருக்கிறது. இரண்டையும் ஒரே முகத்தில் மாறி மாறிக் காட்டுகிறார். ‘மதுரை வீரன்’ (1956) படத்தில் நாயகி பொம்மிக்கு உரிமை கொண்டாடும் நரசப்பனும் இதே வகை ஆள்: வாய் பெரியது, நெஞ்சு சின்னது. எம். ஜி. ஆருக்கு எதிரே வாள் பிடிக்கும் வில்லன்கள் பலர் இருந்தார்கள். கோழைத்தனத்தால் வில்லனாக இருப்பது பாலையாவின் தனிப் பாதை.

அதற்கு நேர்மாறாக, சிரிப்பே இல்லாத பாலையாவைப் பார்க்க ‘பாகப்பிரிவினை’ (1959) வேண்டும். பீம்சிங் இயக்கியது. ஒன்றாக வாழும் அண்ணன் தம்பியாகப் பாலையாவும் எஸ். வி. சுப்பையாவும். பிள்ளையில்லாத அண்ணன் மனைவியாக சி. கே. சரஸ்வதி குடும்பத்தைப் பிரிக்க, எம். ஆர். ராதா வந்து நெருப்பில் எண்ணெய் ஊற்றுவார். மனைவியின் பேச்சுக்கும் தம்பி மேலுள்ள பாசத்துக்கும் நடுவில் நிற்கும் அண்ணன் வேடம் கஷ்டமானது. அவன் முடிவெடுப்பவன் அல்ல, மற்றவர்கள் எடுக்கும் முடிவைச் சுமப்பவன். கேட்கத் தெரியாத நடிகரிடம் இந்த வேடம் போயிருந்தால் வெறும் தலையாட்டிப் பொம்மையாக ஆகியிருக்கும்.

இனி நீங்கள் பார்த்த படத்துக்கே வருவோம். ‘காதலிக்க நேரமில்லை’ (1964). ஸ்ரீதர் இயக்கம், சித்ராலயா கோபுவின் நகைச்சுவை. சின்னமலை எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன் பாலையா. சினிமா எடுக்கத் துடிக்கும் மகன் செல்லப்பா நாகேஷ். ‘ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்’ கதையை மகன் அப்பாவுக்குச் சொல்லும் பேய்க்கதைக் காட்சியைத்தான் எல்லோரும் பகிர்கிறார்கள். அதில் எல்லோர் கண்ணும் நாகேஷ் மேல் இருக்கும், நியாயம்தான். கதவுச் சத்தம், காற்று எல்லாம் அவர் வாயிலிருந்தே வருகின்றன.

அந்தக் காட்சியை மூன்று முறை பாருங்கள். முதல் முறை சாதாரணமாக. இரண்டாம் முறை ஒலியை முழுவதும் அடக்கிவிட்டுப் பாலையாவை மட்டும். மூன்றாம் முறை திரையைப் பார்க்காமல் ஒலியை மட்டும். மூன்றாம் முறையில் உங்களுக்குச் சிரிப்பு பாதிதான் வரும். நாகேஷ் செய்வது எல்லாம் காதில் விழுகிறது. ஆனாலும் ஏதோ குறைகிறது. குறைவது பாலையாவின் முகம். இரண்டாம் முறையில் அந்த முகம் படிப்படியாக மாறுவதைப் பிடிக்கலாம். தொடக்கத்தில் வீட்டுக்குப் பெரியவர் மகன் உளறலைப் பொறுத்துக்கொள்ளும் முகம். பிறகு கதையில் கொஞ்சம் ஆர்வம். அதற்குப் பிறகுதான் பயம், அதுவும் முதலில் கண்ணில், பிறகு மூச்சில், கடைசியில்தான் உடம்பில். எஸ்டேட் முதலாளி என்ற மிடுக்கு ஒவ்வொரு படியிலும் கொஞ்சம் கழன்று விழுகிறது. முதல் நொடியிலேயே பயந்திருந்தால் காட்சிக்குப் போக இடமே இருந்திருக்காது.

இதைப் பயிற்சிக்காகச் செய்து பார்ப்பவர்கள் தவறும் இடமும் அதுதான். கதை சொல்பவர் சத்தம் எழுப்பிய அதே கணத்தில் கேட்பவர் துள்ளிவிடுவார். அப்படித் துள்ளினால் பார்ப்பவர் சிரிப்பதற்கு நேரமே இல்லை. சத்தம் வந்து, அது உள்ளே போய், புரிந்து, பிறகு முகம் மாற வேண்டும். அரை நொடி பிந்தினால் போதும். ஒரு நொடிக்கு மேல் போனால் மந்தமாகத் தெரியும். இரண்டு பேர் உட்கார்ந்து பயிலும்போது, முதல் சுற்றில் கேட்பவருக்குக் கண்ணைத் தவிர எதையும் அசைக்கக் கூடாது என்று விதி வையுங்கள். அடுத்த சுற்றில் மூச்சைச் சேர்க்கலாம். கை கால் கடைசியாக. எதிரில் இருப்பவர் உண்மையிலேயே கதை சொல்ல வேண்டும், ஒவ்வொரு முறையும் கொஞ்சம் மாற்றி. மனப்பாடமான கதைக்கு யாரும் பயப்பட முடியாது.

இதே படத்தில் இன்னொரு காட்சி எனக்குப் பேய்க்கதைக்குச் சமம். தான் வேலையை விட்டு விரட்டிய அசோகன் (ரவிச்சந்திரன் வேடம்) கோடீஸ்வரன் மகன் என்று நம்பவைக்க, முத்துராமன் கிழவர் வேடத்தில் பணக்கார அப்பாவாக வருவார். அந்தக் கணத்திலேயே பாலையாவின் மொழி மாறிவிடும். நேற்றுவரை ‘அவன்’ என்றவர், “அசோகரு உங்க மகருங்களா?” என்கிறார். ‘மகன்’ என்ற சொல்லுக்கும் மரியாதை விகுதி! தமிழில் ‘ன்’ போய் ‘ர்’ வருவதில் எவ்வளவு சமூகம் அடங்கியிருக்கிறது என்பதை ஒரே சொல்லில் காட்டிவிடுகிறார். இதை எந்த மொழிக்கும் கொண்டுபோக முடியாது. ஸ்ரீதரே இந்தப் படத்தை ‘பியார் கியே ஜா’ (1966) என்று இந்தியில் எடுத்தார். அப்பாவாக ஓம் பிரகாஷ், மகனாக மெஹமூத். இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் பார்ப்பது நல்ல பாடம். பேய்க்கதை அங்கேயும் வெற்றிதான். ‘மகரு’க்கு மட்டும் அங்கே வழியில்லை.

அடுத்த வருடம் ‘திருவிளையாடல்’ (1965). பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்தில் விறகு விற்ற படலம் என்று வரும் கதை. வடக்கிலிருந்து மதுரைக்கு வந்து பாண்டியன் சபையில் சவால் விடும் ஹேமநாத பாகவதர் பாலையா. ‘ஒரு நாள் போதுமா’ பாட்டுக்குக் குரல் பாலமுரளி கிருஷ்ணா, எழுதியது கண்ணதாசன், இசை கே. வி. மகாதேவன். மாண்டு ராகத்தில் தொடங்கி, வரியிலேயே ராகத்தின் பெயரைச் சொல்லி அந்தந்த ராகத்துக்கே போகும் பாட்டு: தோடி, தர்பார், மோகனம், கானடா. வாயசைப்பவருக்கு இது கண்ணிவெடி. சங்கதிகள் (ஒரே வரியை மாற்றி மாற்றிப் பாடும் நெளிவுகள்) வேகமானவை, உதடு மட்டும் அசைந்து தொண்டையும் வயிறும் சும்மா இருந்தால் பொய் உடனே தெரியும். பாலையாவைப் பாருங்கள்: நீண்ட சங்கதிக்கு முன்னால் மூச்சு எடுக்கிறார், கழுத்து இறுகுகிறது, சங்கதி முடிந்ததும் எப்படி என்பதுபோலச் சபையைப் பார்க்கிறார். பாடகருக்கு உள்ள கர்வம் அந்தப் பார்வையில்தான் இருக்கிறது.

ஆனால் நான் சொல்ல வந்தது அதற்குப் பிறகு வரும் இரவுக் காட்சி. விறகு விற்கும் ஏழையாக வந்த இறைவன் பாடும் ‘பாட்டும் நானே’ ஹேமநாதர் காதில் விழுகிறது. பாடியவன், மறுநாள் தன்னோடு போட்டியிட வேண்டிய பாண்டிய நாட்டுப் பாடகர் பாணபத்திரரிடம் சீடனாகச் சேரக்கூடத் தகுதி பெறாதவன் என்று தெரிகிறது. சீடனாகத் தள்ளப்பட்டவன் பாட்டே இப்படி என்றால் ஆசான் பாட்டு எப்படி இருக்கும்? ஹேமநாதர் இரவோடு இரவாக ஊரை விட்டுப் போகிறார். ஒரு வித்துவான் தோற்பதை நாம் பார்ப்பது சபையில் அல்ல, அவர் கேட்டுக்கொண்டிருக்கும் முகத்தில். அந்தக் கர்வி உண்மையான ரசிகனும்கூட. நல்ல பாட்டைக் கேட்டதும் அது நல்ல பாட்டு என்று அவனுக்குத் தெரிகிறது, அதனால்தான் தோற்கிறான். இதைப் பாலையா காட்டாவிட்டால் அவன் வெறும் திமிர் பிடித்தவனாக முடிந்திருப்பான்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் அவர் தவில் முத்துராக்கு. சிக்கல் சண்முகசுந்தரமாகச் சிவாஜி நாதஸ்வரம். ஒலித்தது மதுரை எம். பி. என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்களின் வாசிப்பு. தவில் வாசிப்பதாக நடிப்பது நாதஸ்வரத்தைவிட ஒருவகையில் சிரமம். வலது பக்கத்தில் விரல்களில் கூடு மாட்டி அடிக்க வேண்டும், இடது பக்கத்தில் குச்சி. ஒவ்வொரு அடியும் கண்ணுக்குத் தெரியும் அடி. நாதஸ்வரத்தில் விரல் தவறினால் பத்துப் பேரில் ஒருவர் கண்டுபிடிப்பார். தவிலில் கை பிந்தினால் பத்துப் பேருக்கும் தெரியும். பாலையா கையைச் சமாளிப்பதோடு நிற்கவில்லை. நாதஸ்வரம் ஒரு பிடியை வாசித்து முடிக்கும்போது தவில்காரர் தலையசைத்து அதை வாங்கிக்கொள்வாரே, அந்த அசைவு அவரிடம் இருக்கிறது. கச்சேரி மேடையில் நிஜத் தவில்காரர்களைக் கவனித்தவர்களுக்கு அது எவ்வளவு சரி என்று தெரியும். பொசுக்கென்று கோபப்படும் நாதஸ்வரக்காரருக்கும் உலகத்துக்கும் நடுவில் நின்று சமாதானம் செய்யும் வேலையும் முத்துராக்குவுக்குத்தான். மேடைக்கு வெளியேயும் அவர் பக்கவாத்தியமே.

இடையில் பாலசந்தரின் ‘பாமா விஜயம்’ (1967) இருக்கிறது. பக்கத்து வீட்டுக்குச் சினிமா நடிகை குடிவந்ததும் தவணையில் சாமான் வாங்கிக் குவிக்கும் மூன்று மகன்களுக்கும் மருமகள்களுக்கும் அப்பா. ‘வரவு எட்டணா செலவு பத்தணா’ பாட்டின் நடுநாயகம் அவர். மேஜர் சுந்தரராஜன், முத்துராமன், நாகேஷ் மூவரும் மூன்று விதமாக நடிக்க, மூவருக்கும் ஒரே அப்பாவாகத் தெரிவது சாதாரணம் இல்லை.

வரிசை கேட்டீர்கள். காலவரிசையில் போகாதீர்கள், 1937-ன் ஒலியும் ஒளியும் பழகாதவரை விரட்டிவிடும். ‘காதலிக்க நேரமில்லை’யை முழுவதுமாகப் பாருங்கள், துண்டாக அல்ல. இரண்டாவது ‘திருவிளையாடல்’. அடுத்து, அதே மனிதரா என்று திகைப்பதற்காக ‘பாகப்பிரிவினை’. பிறகு ‘தில்லானா’, ‘பாமா விஜயம்’, ‘தூக்குத் தூக்கி’, ‘மதுரை வீரன்’. கண்ணும் காதும் பழகியபின் ‘வேலைக்காரி’, கடைசியில் ‘அம்பிகாபதி’. தேடும்போது இரண்டு குழப்பம் வரும். ‘அம்பிகாபதி’ என்று போட்டால் சிவாஜி நடித்த 1957 படம்தான் முன்னால் நிற்கும். 1937 என்று சேர்த்துத் தேடுங்கள். ‘பாலையா’ என்று மட்டும் போட்டால் அவர் மகன் ஜூனியர் பாலையாவின் படங்களும் கலந்து வரும். ‘கரகாட்டக்காரன்’, ‘சாட்டை’ படங்களில் இருப்பவர் மகன்; 2023-ல் காலமானார்.

மிமிக்ரி மேடைகளில் பாலையா குரல் என்று செய்வதை வைத்து அவரை எடை போட வேண்டாம். எல்லாச் சொல்லையும் இழுத்துப் பேசுவதுதான் பாலையா என்று அங்கே ஆகிவிட்டது. அசலில் அவர் ஒரு வாக்கியத்தில் ஒரு சொல்லைத்தான் இழுப்பார், பெரும்பாலும் எதிராளியை எடைபோடும் சொல்லை. மீதி வாக்கியம் சாதாரண வேகத்தில் ஓடும். ‘திருவிளையாடல்’ சபைக் காட்சியில் அவர் பேசும் பத்து வாக்கியங்களை எழுதி வைத்துக்கொண்டு, இழுத்த சொல்லுக்கு மட்டும் அடிக்கோடு போட்டுப் பாருங்கள்.